ஐமேக்ஸ் கேமராவோடு எவரெஸ்ட் ஏறிய டேவிட் பிரஷியர்ஸ் பற்றிப் பேசலாமா?

கூழாங்கல் எழுதியது:

ரொம்ப நாளாக இவரைப் பற்றி ஓர் இழை தொடங்க வேண்டும் என்று இருந்தேன். மலையேற்றம் என்றாலே நாம் ஹிலாரி, டென்சிங், மெஸ்னர் என்று மூன்று பெயரோடு நின்றுவிடுகிறோம். மலை உச்சியில் எடுத்த படங்களை வாயைப் பிளந்துகொண்டு பார்க்கிறோம். எடுத்த ஆள் எங்கே நின்றார், எதில் கயிறு கட்டிக்கொண்டு நின்றார் என்று கேட்பதே இல்லை.

டேவிட் பிரஷியர்ஸ் 1955 டிசம்பரில் அமெரிக்காவில் பிறந்தவர். அப்பா ராணுவ அதிகாரி. சின்னப் பையனாக இருந்தபோது ஒரு புத்தகத்தில் அந்தப் புகழ்பெற்ற படத்தைப் பார்த்திருக்கிறார்: டென்சிங் எவரெஸ்ட் உச்சியில் பனிக்கோடரியை உயர்த்திக்கொண்டு நிற்கும் 1953ஆம் ஆண்டுப் படம். அதிலிருந்து பிடித்த பைத்தியம். (எடுத்தவர் ஹிலாரி. உச்சியில் ஹிலாரி நிற்கும் படம் ஒன்றுகூடக் கிடையாது. எடுப்பவரின் கதி அன்றைக்கே தெரிந்துவிட்டது.)

கொலராடோவில் போல்டர் பக்கம் இருக்கும் எல்டொராடோ பள்ளத்தாக்கில் பாறையேறிப் பழகினார். 'க்ளோபர்டான்ஸ்' என்று அங்கே ஒரு பாறைத்தடம், கூரை மாதிரி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். பெரிய பெரிய ஆட்களே திணறிய அந்த இடத்தை இந்த விடலைப் பையன் சிரமமில்லாமல் ஏறிவிட, 'க்ளோபர்டான்ஸ் கிட்' என்ற பட்டப்பெயர் ஒட்டிக்கொண்டது. 1975இல் 'பெரிலஸ் ஜர்னி' என்ற தடத்தை முதன்முதலில் ஏறினார். கயிறு இருந்தது, ஆனால் அதை மாட்டப் பாறையில் அநேகமாக இடமே இல்லை. விழுந்தால் விழுந்ததுதான். அப்போது வயது இருபதுகூட ஆகவில்லை.

அப்புறம் கேமரா பக்கம் வந்தார். 1983இல் எவரெஸ்ட் உச்சியிலிருந்து முதன்முதலாகத் தொலைக்காட்சி நேரலைப் படம் அனுப்பினார். 1985இல் 55 வயது டிக் பாஸை உச்சிக்குக் கூட்டிப்போனார். ஏழு கண்டங்களின் உயர்ந்த சிகரங்களையும் ஏறிய முதல் ஆள் என்ற பெயர் பாஸுக்குக் கிடைத்தது. எவரெஸ்ட்டை இரண்டு முறை ஏறிய முதல் அமெரிக்கர் என்ற பெயர் இவருக்கு. மொத்தம் ஐந்து முறை ஏறியிருக்கிறார். நான்கு எம்மி விருதுகள். 2024 மார்ச்சில், 68 வயதில், மலையில் இல்லை, வீட்டில் இறந்தார்.

என் கட்சி என்னவென்றால், அந்த மனிதரை அவ்வளவு காலம் உயிரோடு வைத்திருந்தது கேமராதான். சண்டைக்கு வரலாம்.


லென்ஸ்மூடி எழுதியது:

சண்டைக்கு வரவில்லை தோழர், கணக்கோடு வருகிறேன். நான் பல வருடம் உதவி ஒளிப்பதிவாளராக, பெரும்பாலும் ஃபிலிம் லோடராக, வேலை பார்த்தவன். எல்லாரும் 'ஐமேக்ஸ் கேமரா பெரிசு' என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். கேமராவைவிடப் பெரிய தொல்லை அதில் ஓடுகிற ஃபிலிம்.

சாதாரண 35 எம்எம்மில், ஃபிலிம் ஓரத்தில் ஒரு ஃபிரேமுக்கு நான்கு துளை. நொடிக்கு 24 ஃபிரேம் என்றால் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஐமேக்ஸில் 65 எம்எம் நெகட்டிவ் படுக்கைவாக்கில் ஓடுகிறது, ஒரு ஃபிரேமுக்கே பதினைந்து துளை. நொடிக்கு ஐந்தரை அடிக்கு மேல் விழுங்கும். 1996இல் பிரஷியர்ஸ் எவரெஸ்ட்டில் பயன்படுத்தியது 500 அடி ரோல். 35 எம்எம்மில் அது ஐந்தரை நிமிடம் வரும். ஐமேக்ஸில் 90 நொடி, அவ்வளவுதான். 'இன்னொரு டேக் போகலாம்' என்றால் 8,000 மீட்டருக்கு மேலே கேமராவைத் திறந்து புது ரோல் மாட்ட வேண்டும்.

எவரெஸ்ட்டுக்காகவே அந்தக் கேமராவை எடை குறைத்துச் செய்தார்கள். கடுங்குளிரில் உறைந்து நின்றுவிடாதபடி உள்ளே பேரிங், பெல்ட் எல்லாம் மாற்றினார்கள். அப்படிக் குறைத்தும் ஃபிலிமோடு சுமார் 19 கிலோ. ட்ரைபாட் தனி.

குளிரில் ஃபிலிம் அப்பளம் மாதிரி ஆகிவிடும். மடித்தால் ஒடியும். வறண்ட குளிர் என்றால் ஓடும்போது நிலைமின்சாரம் உண்டாகி, நெகட்டிவில் மரக்கிளை மாதிரி மின்னல் கோடு விழும். பேட்டரியைக் கோட்டுக்குள் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு திரிய வேண்டும். நான் ஒரே ஒரு பனிப்பிரதேச ஷூட்டிங் போயிருக்கிறேன். கம்பெனி எங்களுக்கு வாங்கிக் கொடுத்தது பைக் ஓட்டும் கையுறை. அதைப் போட்டுக்கொண்டு மேகசினில், அதாவது கேமராவில் மாட்டும் ஃபிலிம் பெட்டியில், ஃபிலிம் நுழைக்க முடியாது, கழற்றினால் விரல் நுனி மரத்துவிடும். இரண்டாம் நாள் மாலை, எதைத் தொடுகிறேன் என்பதே தெரியாமல் கண்ணால் பார்த்துப் பார்த்து ஃபிலிமை ஸ்ப்ராக்கெட்டில் மாட்டினேன். இத்தனைக்கும் பக்கத்தில் ஜீப், ஜீப்பில் ஹீட்டர்.

உச்சியில் அவர் கையுறையைக் கழற்றிவிட்டு வெறும் கையால் லோட் செய்தார். அதைப் படித்த அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.


பச்சைமிளகாய் எழுதியது:

அண்ணே, கேமரா கேட்டில், அதான் ஃபிலிமில் வெளிச்சம் விழும் ஜன்னலில், முடி மாட்டியிருந்தால் என்ன செய்திருப்பார்?


லென்ஸ்மூடி எழுதியது:

அதை ஞாபகப்படுத்தாதேப்பா. ஐமேக்ஸ் திரையில் ஒரு முடி தென்னைமரம் உயரத்துக்குத் தெரியும்.


சந்தேகப்பேர்வழி எழுதியது:

கையுறை கதையெல்லாம் சரி. கசப்பான பக்கத்தையும் கொஞ்சம் பேசுவோமா?

1996 மே 10, 11 தேதிகளில் எவரெஸ்ட்டில் புயலில் மாட்டி எட்டுப் பேர் இறந்தார்கள். தெற்குப் பக்கம், பணம் வாங்கி ஆட்களை உச்சிக்குக் கூட்டிப்போகும் ராப் ஹால், ஸ்காட் ஃபிஷர் ஆகியோரின் குழுக்களில் அவர்கள் இருவரும் சேர்த்து ஐந்து பேர், வடக்குப் பக்கம் இந்திய-திபெத் எல்லைக் காவல் படையைச் சேர்ந்த மூன்று பேர். பிரஷியர்ஸ் குழு அதே மலையில்தான் இருந்தது. மே 23 அன்று இவர்கள் உச்சியில் கேமரா வைத்துப் படம் எடுக்கிறார்கள். இரண்டு வாரம்கூட ஆகவில்லை. வழியில் ஃபிஷரின் உடலையும் ஹாலின் உடலையும் கடந்துதான் போயாக வேண்டும். இதை 'அர்ப்பணிப்பு' என்கிறோம். இதையே ஒரு கம்பெனி முதலாளி செய்திருந்தால் என்ன சொல்லியிருப்போம்?

கேமரா உயிரோடு வைத்திருந்தது என்கிறீர்கள். 1986இல், உலகின் இரண்டாவது உயரமான சிகரமான கே2வில் கர்ட் டீம்பெர்கரும் ஜூலி டல்லிஸும் என்ன ஆனார்கள்? டீம்பெர்கர் சாதாரண ஆள் இல்லை. பிராட் பீக், தவளகிரி என இரண்டு எட்டாயிரம் மீட்டர் சிகரங்களின் முதல் ஏற்றத்தில் இருந்தவர். அவரும் ஜூலியும் சேர்ந்து படம் எடுக்கும் ஜோடி. அந்த ஆகஸ்ட்டில் சாயங்காலம் பொழுது சாயும் நேரத்தில் உச்சிக்குப் போனார்கள், இறங்கும்போது விழுந்தார்கள், அப்புறம் 8,000 மீட்டர் முகாமில் புயலில் நாள்கணக்கில் மாட்டிக்கொண்டார்கள். மாட்டிய ஏழு பேரில் பிழைத்து இறங்கியது இரண்டு பேர். டீம்பெர்கர் அதில் ஒருவர், விரல்களைப் பறிகொடுத்தார். ஜூலி வரவில்லை. அந்த ஒரு கோடையில் கே2வில் செத்தவர்கள் 13 பேர். கேமரா யாரைக் காப்பாற்றியது?


கூழாங்கல் எழுதியது:

நல்ல கேள்வி. கே2 விஷயத்தில் உங்களோடு மல்லுக்கட்ட மாட்டேன். அங்கே கேமராவைவிட நேரம்தான் எமன் என்று நினைக்கிறேன், ஆனால் அதையும் அடித்துச் சொல்ல முடியாது.

1996க்கு வருகிறேன். அந்த மே மாதத்தில் பிரஷியர்ஸ் குழுதான் முதலில் உச்சிக்குப் போவதாக இருந்தது. மே 10க்கு ஓரிரு நாள் முன்பு மூன்றாம் முகாம் வரை ஏறியும் விட்டார்கள். காற்று அவருக்குப் பிடிக்கவில்லை. கீழே பார்த்தால் ஹால் குழு, ஃபிஷர் குழு என்று வரிசையாக ஆட்கள் ஏறி வருகிறார்கள். அந்தக் கூட்டத்துக்கு நடுவே உச்சியில் ஐமேக்ஸ் கேமராவை வைத்து எப்படி ஷாட் எடுப்பது? இறங்கிவிட்டார். ஏறுகிறவர்களும் இறங்குகிறவர்களும் அந்தக் கயிற்றில் எதிரும் புதிருமாகச் சந்தித்துக்கொண்டார்கள். ஏறுகிறவர்களுக்கு இவர்கள் இறங்குவது விநோதமாக இருந்திருக்கும்.

வெறும் மலையேறியாக மட்டும் இருந்திருந்தால், 'காற்று கொஞ்சம் அடங்கும், போய்ப் பார்ப்போம்' என்று தோன்றியிருக்கலாம். படம் எடுக்க வந்தவருக்கு அப்படிப் 'போய்ப் பார்ப்பது' வேலைக்கு ஆகாது. வானம் தெளிவாக இருக்க வேண்டும், உச்சியில் அதிக நேரம் நிற்க வேண்டும், கூட்டம் இருக்கக் கூடாது, ஆக்சிஜன் உபரியாக இருக்க வேண்டும். பாதுகாப்பாக ஏற என்னென்ன வேண்டுமோ அநேகமாக அதேதான் நல்ல ஷாட்டுக்கும் வேண்டியிருந்தது. நான் சொல்ல வந்தது இதைத்தான்.

அப்புறம் அந்த உபரி ஆக்சிஜன். படப்பிடிப்புக்கு என்று தெற்குக் கணவாயில், அதாவது கடைசி முகாமில், சிலிண்டர்களைக் கொண்டுபோய்ச் சேர்த்து வைத்திருந்தார்கள். புயலில் அங்கே மாட்டியவர்களுக்கு மூச்சுக்கு வழியில்லை என்று தெரிந்ததும், 'எங்கள் கூடாரத்தைத் திறந்து எடுத்துக்கொள்ளுங்கள்' என்று வயர்லெஸ்ஸில் சொல்லிவிட்டார். படம் நின்றுபோகலாம் என்று தெரிந்தேதான் சொன்னார். பிறகு அவரும் அவர் குழுவிலிருந்த எட் வீஸ்டர்ஸும் ராபர்ட் ஷவரும் மேலே ஏறி, கை முகமெல்லாம் பனியில் உறைந்துபோயிருந்த, ஹால் குழுவைச் சேர்ந்த பெக் வெதர்ஸை லோட்சே சரிவில் ஒவ்வோர் அடியாகக் கீழே கொண்டுவந்தார்கள். கும்பு பனியருவிக்கு மேலே, 6,000 மீட்டர் உயரத்தில், நேபாள ராணுவத்தின் மதன் கே.சி. ஹெலிகாப்டரை இறக்கி அவரைத் தூக்கிப்போனது தனிக்கதை. அவ்வளவு உயரத்தில் ஹெலிகாப்டருக்கே மூச்சு வாங்கும். ஒரு தடவைக்கு ஒரு ஆள்தான். வெதர்ஸ் தன் முறையைத் தைவானைச் சேர்ந்த மக்காலு காவுக்கு விட்டுக்கொடுத்தார், பைலட் மறுபடி வந்து இவரை எடுத்துப்போனார்.

மறுபடி ஏறியது சரியா? ஹால், வீஸ்டர்ஸுக்கு நெருங்கிய நண்பர். அவரே ஏறினார், அதுவும் ஆக்சிஜன் இல்லாமல். நண்பனை அப்படிப் பார்த்துவிட்டு ஏறியவரை நான் உட்கார்ந்த இடத்திலிருந்து எடைபோட விரும்பவில்லை.


சந்தேகப்பேர்வழி எழுதியது:

ஆக்சிஜன் விஷயத்தில் வாயை மூடிக்கொள்கிறேன். மறுபடி ஏறியது இன்னும் உறுத்துகிறது. பெரிய முதலீடு, பெரிய படம். 1998இல் வெளியாகி வசூலையும் வாரிக் குவித்தது. அந்த விபத்து நடந்ததால்தான் கூட்டம் வந்தது என்பதையும் மறக்க வேண்டாம்.


கால்நடை எழுதியது:

ஒரு விஷயம் யாருமே சொல்லவில்லையே. 19 கிலோ கேமராவை 'பிரஷியர்ஸ் தூக்கிக்கொண்டு ஏறினார்' என்று தலைப்பிலேயே போட்டிருக்கிறீர்கள். தூக்கியது யார்?

மே 23 அன்று உச்சிக்குப் போனவர்களில் பிரஷியர்ஸ், ஷவர், வீஸ்டர்ஸ், ஜம்லிங், அரசெலி செகாரா தவிர ஐந்து ஷெர்பாக்கள் இருந்தார்கள். அவர்களுக்குத் தலைவர் ஜங்பு ஷெர்பா. கேமராப் பெட்டி ஒரு முதுகில், லென்ஸ் ஒரு முதுகில், ட்ரைபாட் ஒரு முதுகில், ஃபிலிம் இன்னொரு முதுகில். அத்தனையும் ஒரே நேரத்தில் ஒரே இடத்துக்கு வந்து சேர வேண்டும். லென்ஸ் சுமப்பவர் அரைமணி பிந்தினால் மற்ற மூவரும் அங்கே உறைய வேண்டியதுதான்.

நான் மலைப்பாதைகளில் நடப்பவன், ஏறுபவன் இல்லை. என் மூட்டையைச் சுமந்துவந்த பையன் என்னைவிட இரண்டு மணி நேரம் முன்னால் போய்ச் சேர்ந்து டீயும் போட்டு வைத்திருப்பான். ஊர் திரும்பியதும் படத்தைப் போட்டு 'நான் போனேன்' என்று எழுதுவேன். அதனால் எனக்கு இது கொஞ்சம் குத்தும்.


கூழாங்கல் எழுதியது:

குத்த வேண்டியதுதான். தலைப்பை இனி மாற்ற முடியாது, உங்கள் பதிவு அதற்குப் பிழைதிருத்தமாக இருக்கட்டும். ஷெர்பாக்கள் இல்லாமல் அந்த ஷாட் இல்லை என்பதைப் பிரஷியர்ஸே மறைத்ததில்லை. ஆனால் போஸ்டரில் எல்லாருக்கும் இடம் கிடைப்பதில்லை.

ஜம்லிங் பெயரைச் சொன்னீர்கள். அவர் டென்சிங்கின் மகன். சிறுவன் பிரஷியர்ஸ் பார்த்த படத்தில் 1953இல் நின்றவர் அப்பா. 43 வருடம் கழித்து, அதே உச்சியில் மகனைப் படம் எடுக்கிறார் அந்தச் சிறுவன். சினிமாவில் வைத்தால் 'ஓவர்' என்று சொல்லிக் கத்தரித்துவிடுவோம்.


பழையபெட்டி எழுதியது:

இழை கொஞ்சம் பின்னால் போனால் தேவலை. மலையேறியும் கேமராக்காரரும் ஒரே ஆளாக இருப்பது பிரஷியர்ஸோடு தொடங்கவில்லை. 1924 எவரெஸ்ட் பயணத்தில் ஜான் நோயல் இருந்தார். மாறுவேடத்தில் திபெத்துக்குள் நுழைந்து எவரெஸ்ட்டை நெருங்கப் பார்த்தவர் அவர், 1913இலேயே. 1924இல் படம் எடுக்கும் உரிமைக்கு மட்டும் 8,000 பவுண்டு கொடுத்தார்கள். பயணத்துக்கே பணம் வந்தது பெரும்பாலும் அதிலிருந்துதான்.

அந்தப் பயணத்தில் உச்சியை நோக்கிப் போன மேலரியும் இர்வினும் திரும்பவில்லை. தேடப்போனவர்கள், மேலே வடக்குக் கணவாயில் பனியின் மீது கம்பளிகளைச் சிலுவைபோல விரித்தார்கள். ஆள் இல்லை என்று கீழே இருப்பவர்களுக்குச் சொல்லும் சைகை அது. வெகு கீழே தொலைநோக்கு லென்ஸோடு நின்றிருந்த நோயல் அதைப் படம் பிடித்தார். வெள்ளைப் பரப்பில் எறும்பு மாதிரி இரண்டு மூன்று ஆட்கள், ஒரு சின்னச் சிலுவை. நண்பன் செத்த செய்தி லென்ஸ் வழியாக வருகிறது, கைப்பிடி சுற்றிக்கொண்டே இருக்கிறது.

சந்தேகப்பேர்வழிக்கு இன்னொரு தீனி. அந்தப் படத்தைத் திரையிடும்போது கவர்ச்சிக்காகத் திபெத்திய லாமாக்களை அழைத்துப்போய் மேடையில் ஆடவைத்தார்கள். அதுவும் படத்தில் திபெத்தியர்களைக் காட்டிய விதமும் லாசாவில் பெரும் கோபத்தைக் கிளப்பின. அடுத்த எவரெஸ்ட் பயணத்துக்கு 1933 வரை அனுமதி கிடைக்கவில்லை. ஒரு சினிமாவால் மலையே ஒன்பது வருடம் மூடிக்கிடந்தது.


சந்தேகப்பேர்வழி எழுதியது:

தீனிக்கு நன்றி. வயிறு நிறைந்தது.


பச்சைமிளகாய் எழுதியது:

இப்போது இருக்கும் ஜிம்மி சின் எந்தக் கட்சி? கயிறே இல்லாமல் எல் கேப்பிடான் என்ற செங்குத்துப் பாறையை ஏறியவரைப் படம் எடுத்தாரே.


கூழாங்கல் எழுதியது:

சின் இன்னும் சிக்கலான ஆள். இமயத்தில் கங்கோத்ரி பக்கம் இருக்கும் மேரு சிகரத்தின் 'சுறாத் துடுப்பு' வழியை 2008இல் முயன்று, உச்சிக்கு 100 மீட்டர் இருக்கும்போது திரும்பினார்கள். 2011இல் மறுபடி போய் முடித்தார்கள். மூன்றே பேர். அதில் இரண்டு பேர் ஏறிக்கொண்டே படமும் எடுத்தார்கள்.

எல் கேப்பிடான் சங்கதி வேறு. 2017 ஜூன் 3, அலெக்ஸ் ஹானல்ட், கயிறில்லாமல் 3 மணி 56 நிமிடம். சுற்றித் தொங்கிய கேமராக்காரர்கள் எல்லாரும் அவருடைய நண்பர்கள், தேர்ந்த மலையேறிகள். கேமரா அங்கே இருப்பதே அவரைத் தள்ளிவிடுமோ என்ற பயம் அவர்களுக்கு. மிகக் கடினமான இடத்தில் ஆள் நிற்காமல் தானியங்கிக் கேமராவை வைத்தார்கள். முந்தின வருடம் ஒருமுறை தொடங்கிவிட்டுப் பாதியில் வேண்டாம் என்று திரும்பினார் ஹானல்ட். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. கீழிருந்து எடுத்த ஒருவர், கேமராவை ஓடவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வதும் படத்திலேயே இருக்கிறது. அந்தப் படத்தில் எனக்குப் பிடித்த ஷாட் அதுதான்.


கால்நடை எழுதியது:

பிரஷியர்ஸ் பிற்காலத்தில் செய்ததுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. 2007இல் 'கிளேசியர்வொர்க்ஸ்' என்று ஓர் அமைப்பைத் தொடங்கினார். வேலை எளிமையானது, அலுப்பானது. பழைய மலையேறிகள் எடுத்த இமயமலைப் பனியாறுகளின் படங்களை எடுத்துக்கொண்டு, அவர்கள் நின்ற அதே இடத்தைத் தேடிக் கண்டுபிடித்து, அதே கோணத்தில் மறுபடி எடுப்பது. மேலரி 1921இல் ரொங்புக் பனியாற்றை எடுத்த படம் இருக்கிறது. அதே இடத்தில் இவர் எடுத்ததையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், பனி சுமார் 100 மீட்டர் உயரத்துக்குக் காணாமல் போயிருக்கிறது. கப்பல் பாய் மாதிரி வரிசையாக நின்ற பனிக்கூம்புகள் இருந்த இடத்தில் சரளைக்கல்.

அந்த இடத்துக்குப் போகவே மலையேறியாக இருக்க வேண்டும். சட்டகத்தை மயிரிழை பிசகாமல் பொருத்தக் கேமராக்காரராக இருக்க வேண்டும். உச்சிக்குப் போகவும் வேண்டாம், யாரும் சாகவும் வேண்டாம்.


சந்தேகப்பேர்வழி எழுதியது:

இதற்கு எதிராக என்னிடம் ஒன்றும் இல்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இழையைப் படித்த பிறகு, 2008இல் அவர் 1996 புயலைப் பற்றி எடுத்த ஆவணப்படத்தை நேற்று ராத்திரி பார்த்தேன். பிழைத்தவர்களை உட்காரவைத்துப் பேசவிடுகிறார். பன்னிரண்டு வருடம் கழித்து. சூட்டோடு சூடாக அந்தக் கதையை விற்றிருக்கலாம், காத்திருந்திருக்கிறார். மறுபடி ஏறியது பற்றி என் கருத்து அப்படியேதான் இருக்கிறது. அந்தப் படம் நல்ல படம்.


லென்ஸ்மூடி எழுதியது:

எல்லாரும் பெரிய விஷயம் பேசுகிறீர்கள். நான் ஒரு கிறுக்குத்தனம் செய்தேன், சொல்லிவிடுகிறேன்.

பரணில் ஒரு பழைய 35 எம்எம் மேகசினும் கொஞ்சம் வீணாய்ப்போன ஃபிலிமும் கிடந்தன. ஒரு பக்கெட்டில் ஐஸ் போட்டு, கையை மணிக்கட்டு வரை இரண்டு நிமிடம் வைத்திருந்தேன். துடைத்துக்கொண்டு லோட் செய்தேன். வழக்கமாக இருட்டுப்பைக்குள் கண்ணை மூடிக்கொண்டே ஒரு நிமிடத்துக்குள் முடிப்பவன். ஐந்து நிமிடம் நாற்பது நொடி ஆனது. இரண்டு தடவை லூப், அதாவது ஃபிலிமில் தளர்வாக விட வேண்டிய வளைவு, தப்பாகிப் பிரித்து மாட்டினேன். மூச்சுக்காற்று தாராளமாகக் கிடைக்கும் கூடத்தில், ஃபேனுக்குக் கீழே, நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு.

மகள் கதவோரம் நின்று, 'அப்பா, பக்கெட்டை எப்போ தருவே, குளிக்கணும்' என்றாள்.